ஜெனிவால்டோவின் இடது கை

பச்சைப் பேருந்து ஏறினால் வேலை.
மஞ்சள் ஏறினால் வீடு.
இருபது வருஷம்
நிறம்தான் எனக்கு அரிச்சுவடி.
போன மார்ச்சில் கம்பெனிக்காரன்
எல்லா வண்டிக்கும் வெள்ளை அடித்துவிட்டான்.

அன்று மாலை பாலம் தாண்டி
ஜுவசெய்ருவில் இறங்கி நின்றேன்.
ஆறு தெரிகிறது. அக்கரையில்
என் பெட்ரோலினா ஒவ்வொரு விளக்காகப் போட்டுக்கொள்கிறது.
யாரிடமும் கேட்கவில்லை.
"கண்ணாடியை மறந்துவிட்டேன்" என்ற பொய்யை
அந்த வாரத்தில் ஏற்கெனவே மூன்று முறை
செலவழித்திருந்தேன்.
பாலத்தின் மேல் நடந்தே வந்தேன்.

அடுத்த திங்கள் இரவுப் பள்ளி.
பகலில் ஏழு வயதுப் பிள்ளைகள் உட்காரும் நாற்காலி.
முழங்கால் மோவாயில் இடிக்கப் பதினாலு பேர்.
பாதிப்பேர் என்னோடு திராட்சை கட்டுகிறவர்கள்,
ஒரு கசாப்புக்காரர்,
கல்லறைத் தோட்டத்துக் காவலாளி டமியாவ்.
"இத்தனை பெயர்களுக்கு நடுவில் படுத்துத் தூங்கினேன்,
ஒருவர்கூட அறிமுகமில்லை" என்பார் டமியாவ்.

டீச்சர் இவொனேட்டிக்கு என் வயதுதான்.
நான் பென்சில் பிடித்த பிடியைப் பார்த்து
"அது பிராந்து இல்லை, மர்லூசியா,
பறந்துவிடாது" என்றாள்.
குலையில் அழுகின மணியை
பக்கத்து மணி நோகாமல் கிள்ளி எடுக்கிற விரல்
ஒரு வட்டம் போட வியர்த்தது.

சாவோ ஜோவாவ் திருநாளுக்கு
வாசல்தோறும் தீ மூட்டுவதற்குள்
ஊர் சத்தம் போட ஆரம்பித்துவிட்டது.
சுவர் பேசியது. சோப்பு உறை பேசியது.
எட்டு வருஷமாக நான் தலைக்குத் தேய்த்தது
நாய் குளிப்பாட்டுகிற ஷாம்பு.
முடி என்னவோ நன்றாகத்தான் இருக்கிறது.

பிறகு அந்த ஞாயிறு.
வலைத்தூளியில் ஜெனிவால்டோ
இடது கை தொங்கத் தூங்குகிறான்.
தோளுக்குக் கீழே என் பெயர்.
கல்யாணத்துக்கு முந்தின மாதம்
படகுத்துறையில் ஒருவனிடம்
ஒரு வாரக் கூலி கொடுத்துப் பச்சை குத்திக்கொண்டது.
அதன்மேல் தலைவைத்து
இருபத்திரண்டு வருஷம் படுத்திருக்கிறேன்.
இன்றுதான் வாசிக்கிறேன்,
விரல் வைத்து, எழுத்துக் கூட்டி.
ம. லூ. சி. யா.
இன்னொரு தடவை.
ம. லூ. சி. யா.
என் 'ர்' எங்கே?

எங்கள் பாஷையில் மலூக்கா என்றால் பைத்தியக்காரி.
அந்தச் சொல்லுக்குப் பக்கத்து வீட்டில்
இத்தனை காலம் குடியிருந்திருக்கிறேன்.
குத்தினவன் அவசரக்காரனோ,
அவனும் நிறம் பார்த்துப் பேருந்து ஏறுகிறவனோ.

மூத்தவன் ரோனில்சனைக் கொல்லைக்குக் கூப்பிட்டேன்.
"தெரியும்மா" என்றான்.
"எப்போதிலிருந்து?"
"மூன்றாம் வகுப்பிலிருந்து."
"ஏண்டா சொல்லவில்லை?"
காலால் மண்ணைக் கிளறினான்.
"நீ அதைத் தடவித் தடவிச் சிரிப்பாயே."

எழுதத் தெரியாததற்கு நான் ஒருநாளும் அழுததில்லை.
துணி துவைக்கிற கல்லின் மேல் உட்கார்ந்து
அன்றைக்கு அழுதேன்,
ஒரு எட்டு வயதுப் பையன்
வாயை மூடிக்கொண்டதற்காக.

அப்புறம் பையிலிருந்து பேனா எடுத்தேன்.
ம-வுக்கும் லூ-வுக்கும் நடுவில் இடமில்லை.
மேலே சின்னக் கூரை போட்டு
அதற்கு மேல் 'ர்' எழுதினேன்,
என் நோட்டில் டீச்சர் திருத்துகிறமாதிரி.
திங்கள் மாலைக்குள்
சிமெண்டு மூட்டை அதைத் தின்றுவிட்டது.
மறுபடி எழுதினேன்.
செவ்வாய். புதன்.
வியாழன் இரவு, தூங்குகிறமாதிரி கிடந்தவன்
கண் திறக்காமல் கேட்டான்:
"என்னடி அது, கூசுது?"

"எழுத்து."
"என்ன எழுத்து?"

நாக்கு நுனிக்கு வந்ததை விழுங்கிவிட்டு
"டமியாவ் பக்கத்தில் ஒரு நாற்காலி காலி" என்றேன்.
"முழங்கால் இடிக்கும்."

பதில் இல்லை.
புரண்டு படுத்தான்,
இடது கை மேலே இருக்கிறமாதிரி.